கம்பெனி ஒரு ஸ்டேட்ல, வேலை இன்னொரு ஸ்டேட்ல: திரும்பத் திரும்ப வர்ற கேள்விகள்

நான் டல்லாஸ் பக்கம் சின்ன கம்பெனிகளுக்கு புக்கீப்பிங் பண்றேன். வக்கீல் இல்ல, சிபிஏவும் (லைசென்ஸ் வாங்கின ஆடிட்டர்) இல்ல. ஆனா தமிழ்ச் சங்கம் பொங்கல் விழால சாப்பாட்டு வரிசைல நின்னா கூட யாராவது வந்து "அக்கா, ஒரு சின்ன டவுட்"னு ஆரம்பிப்பாங்க, அது பெரும்பாலும் இந்த டவுட்டா தான் இருக்கும்: எல்எல்சி (கம்பெனி கடன் பொதுவா உரிமையாளர் தலைல விழாத ஒரு கம்பெனி வகை) டெலவேர்ல, ஆள் டெக்சாஸ்ல, இப்ப என்ன பண்றது. ஒவ்வொருத்தருக்கும் தனித்தனியா வாட்ஸப்ல வாய்ஸ் நோட் போட்டு அலுத்துப் போச்சு, அதான் எல்லாத்தையும் இங்க எழுதி வெச்சுட்டேன். கேள்விய அவங்க கேட்ட மாதிரியே விட்டிருக்கேன். ஃபீஸ் எல்லாம் மாறிட்டே இருக்கும், பணம் கட்டறதுக்கு முன்னாடி அந்தந்த ஸ்டேட்டோட செக்ரட்டரி ஆஃப் ஸ்டேட் (கம்பெனி பதியற ஆபீஸ்) சைட்ல ஒரு தடவை பார்த்துக்கோங்க.

டெலவேர்ல எல்எல்சி போட்டாச்சு. அது அமெரிக்கா முழுக்க செல்லும் தானே, எதுக்கு இன்னொரு ஸ்டேட்ல வேற பதியணும்?

செல்லும், ஆனா நீங்க நினைக்கிற மாதிரி இல்ல. இந்தியால எம்சிஏல (மத்திய கம்பெனி விவகார அமைச்சகம்) ஒரு தடவை பதிஞ்சா கம்பெனி நாடு முழுக்க கம்பெனி தான். இங்க அப்படி ஒரு நேஷனல் ரெஜிஸ்டரே கிடையாது, ஒவ்வொரு ஸ்டேட்டும் தன் சட்டப்படி தன் கம்பெனிய உருவாக்குது. 1869லயே பால் எதிர் வர்ஜீனியா கேஸ்ல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு, கம்பெனி வந்து மனுஷன் மாதிரி குடிமகன் இல்ல, அதனால இன்னொரு ஸ்டேட்டுக்குள்ள வந்து தொழில் பண்ணணும்னா அந்த ஸ்டேட் நிபந்தனை போடலாம்னு. அந்த நிபந்தனை தான் இந்தப் பதிவு. டிஎன் நம்பர் வண்டிய பெங்களூர்லயே வருஷக்கணக்கா வெச்சு ஓட்டினா ஆர்டிஓ மடக்குறான் இல்ல, அதே கதை. வண்டி உங்களோடது தான், ரோடு அவங்களோடது.

இதுல புதுசா எந்த கம்பெனியும் பிறக்கறதில்ல. அதே எல்எல்சி, அதே இஐஎன் நம்பர் (கம்பெனியோட ஃபெடரல் டாக்ஸ் நம்பர்), அதே பேங்க் அக்கவுன்ட். இந்த ஸ்டேட்ல தொழில் பண்ண அனுமதி மட்டும் வாங்கறோம்.

ஃபார்ம்ல ஃபாரின் எல்எல்சின்னு போட்டிருக்கு. நான் இந்தியால எந்த கம்பெனியும் வெச்சுக்கலையே?

வேற ஸ்டேட்ல பிறந்த எல்லாமே அவங்களுக்கு ஃபாரின் தான், பக்கத்து ஓக்லஹோமா கம்பெனி கூட டெக்சாஸுக்கு ஃபாரின். பயப்படாம ஃபில் பண்ணுங்க.

நான் அந்த ஸ்டேட்ல பிசினஸ் பண்றேனா இல்லையான்னு எப்படி தெரிஞ்சுக்கறது? எங்கயும் தெளிவா போடல.

வேணும்னே தான் போடல. பெரும்பாலான ஸ்டேட் சட்டத்துல எது பிசினஸ்னு விளக்கமே இருக்காது, எது பிசினஸ் இல்லன்னு ஒரு லிஸ்ட் மட்டும் இருக்கும். அந்த ஸ்டேட்ல பேங்க் அக்கவுன்ட் வெச்சிருக்கறது, மெம்பர்ஸ் (எல்எல்சியோட உரிமையாளர்கள்) மீட்டிங் நடத்தறது, கேஸ் நடத்தறது, தனி கான்ட்ராக்டர் மூலமா விக்கறது, ஆர்டர் அங்க எடுத்து ஊர்ல வந்து ஓகே பண்றது, மாநிலம் தாண்டி நடக்குற வியாபாரம், இதெல்லாம் பொதுவா கணக்குல வராது. ஒரே ஒரு தடவை நடந்து முடிஞ்ச வேலையும் வராது, அதுக்கு நிறைய ஸ்டேட்ல 30 நாள் லிமிட், கலிஃபோர்னியால 180 நாள்.

இதுக்கு வெளிய போயிட்டீங்கன்னா யோசிக்க ஆரம்பிக்கணும். ஆபீஸ் அல்லது கடை, அங்கயே உக்காந்து வேலை பாக்குற ஆள், அங்க இருக்குற கஸ்டமருக்கு நேர்ல போய் திரும்பத் திரும்ப பண்ற வேலை, இதுல ஒண்ணு இருந்தாலே பதியணும்ங்கற பக்கம் சாஞ்சுடும். நான் கேக்கற முதல் கேள்வி ரொம்ப சிம்பிள்: காலைல எழுந்து நீங்க எங்க உக்காந்து வேலை பாக்குறீங்க?

இன்னொண்ணு, இதை இங்கயே சொல்லிடறேன், கீழ பல இடத்துல தேவைப்படும். கம்பெனி பதிவு ஒண்ணு, டாக்ஸ் ஒண்ணு, பேரோல் (சம்பளக் கணக்கு) ஒண்ணு. மூணும் மூணு ஆபீஸ், மூணு சட்டம், மூணு அளவுகோல். ஒண்ணுல தேவையில்லன்னா மத்ததுலயும் தேவையில்லன்னு அர்த்தம் கிடையாது. வர்ற குழப்பத்துல பாதி இத ஒண்ணா கலக்கறதால தான்.

வீட்ல இருந்து லேப்டாப்ல தான் வேலை, ஆபீஸே கிடையாது, க்ளையன்ட் எல்லாம் வேற ஸ்டேட். அப்பவுமா?

அப்பவும் தான். வீட்ல உக்காந்து கம்பெனிய நடத்தற நீங்க தான் அந்த ஆபீஸ். கலிஃபோர்னியா இதுல ரொம்ப கறார். நெவாடால போட்ட எல்எல்சியா இருந்தாலும் அத நடத்தற மெம்பர் கலிஃபோர்னியால உக்காந்து நடத்தினா அது கலிஃபோர்னியால பிசினஸ் பண்ற கம்பெனின்னு அவங்க வரி ஆபீஸான ஃப்ரான்சைஸ் டாக்ஸ் போர்டு எழுதியே வெச்சிருக்கு. வருஷத்துக்கு 800 டாலர் வரி, லாபம் வந்தாலும் வராட்டியும். மொத்த வரவு 250,000 டாலரத் தொட்டா அதுக்கு மேல எல்எல்சி ஃபீஸ்னு 900 டாலர்ல ஆரம்பிச்சு ஏறும், இதுவும் லாபத்துல இல்ல, வரவுல. புதுசா தொடங்கினவங்களுக்கு முதல் வருஷம் 800 தள்ளுபடி இருந்துச்சு, அது 2023ஓட முடிஞ்சது. பழைய யூட்யூப் வீடியோ பார்த்துட்டு அது இன்னும் இருக்குன்னு நினைச்சுட்டு வர்றவங்க நிறைய பேர்.

அப்ப டெலவேர், வயோமிங்ல போய் தொடங்கறதுல என்ன தான் லாபம்? எல்லாரும் டாக்ஸ் இல்லன்னு சொன்னாங்களே?

அந்த எல்லாரும் யாருன்னு தெரியல, அவங்க உங்க வீடு இருக்குற ஸ்டேட்ட கணக்குல எடுக்கல. சன்னிவேல்ல உக்காந்து தனியா கன்சல்டிங் பண்றவர் டெலவேர் எல்எல்சி வெச்சிருந்தா ஜூன் 1க்குள்ள டெலவேருக்கு 300 டாலர், மறந்தா 200 டாலர் அபராதம், மாசம் ஒன்றரை சதவீதம் வட்டி. டெலவேர்ல நமக்காக கோர்ட், அரசு லெட்டர் வாங்கிக்கற ரெஜிஸ்டர்ட் ஏஜென்ட்டுக்கு தனியா பணம். அதுக்கப்புறம் கலிஃபோர்னியாவோட 800 அப்படியே இருக்கு. நேரா கலிஃபோர்னியாலயே போட்டிருந்தா அந்த 800 மட்டும். மிச்சம் எல்லாம் தண்டச் செலவு.

வயோமிங் சீப் தான், வருஷம் 60 டாலர்ல இருந்து. ஆனா வயோமிங்ல நீங்க இல்லையே. இன்கம் டாக்ஸ் இல்லாத ஸ்டேட்ல கம்பெனி போட்டா வருமான வரி போயிடும்னு நினைக்கறது தப்பு, ஒருத்தர் நடத்துற எல்எல்சியோட லாபம் உங்க சொந்த ரிட்டர்ன்ல தான் வருது, அது நீங்க இருக்குற ஸ்டேட்டுக்கு போகுது.

டெலவேர் யாருக்கு சரி? வெளி முதலீடு எடுக்கப் போற ஸ்டார்ட்டப்புக்கு. வென்ச்சர் ஆளுங்க (ஸ்டார்ட்டப்ல முதலீடு பண்றவங்க) டெலவேர் சி-கார்ப் (பங்கு வெளியிடற கம்பெனி வகை) தான் கேப்பாங்க, அங்க சான்சரி கோர்ட்ல கம்பெனி வழக்குக்குன்னே தேர்ந்த ஜட்ஜுங்க, நூறு வருஷத் தீர்ப்பு கையில இருக்கு. சமோசா கேட்டரிங்குக்கும் ஒரு ஆள் ஐடி கம்பெனிக்கும் அது எதுக்கு?

சரி, பதியறேன். என்ன பேப்பர் வேணும், எவ்வளவு ஆகும்?

முதல்ல சொந்த ஸ்டேட்ல, அதாவது கம்பெனி பிறந்த ஸ்டேட்ல, கணக்கு க்ளியரா இருக்கணும். நிறைய ஸ்டேட்ல அங்க இருந்து குட் ஸ்டாண்டிங் (கம்பெனி பாக்கி இல்லாம நடப்புல இருக்கு) சர்டிஃபிகேட் கேப்பாங்க, டெலவேர்ல சாதாரணது 50 டாலர். பழசு குடுத்தா திருப்பி அனுப்பிடுவாங்க, அதனால எல்லாம் ரெடியான பிறகு கடைசியா வாங்குங்க. சொந்த ஸ்டேட் டாக்ஸ் பாக்கி இருந்தா இந்த சர்டிஃபிகேட்டே வராது, பாதி பேர் இங்க தான் மாட்டுவாங்க. அப்புறம் புது ஸ்டேட்ல ஒரு ரெஜிஸ்டர்ட் ஏஜென்ட், அப்புறம் அவங்க ஃபார்ம், அப்புறம் ஃபீஸ். ஃபார்ம் ரெண்டு மூணு பக்கம் தான், கம்பெனி பேர், எந்த ஸ்டேட்ல எந்தத் தேதில பிறந்தது, மேனேஜர் யாரு, இங்க எந்தத் தேதில பிசினஸ் தொடங்கினீங்க. இந்தக் கடைசிக் கேள்விக்கு யோசிச்சு பதில் எழுதுங்க, ஏன்னு பின்னாடி லேட் ஃபீஸ் கேள்வில வரும்.

எல்எல்சிக்கு ஃபீஸ் ஸ்டேட்டுக்கு ஸ்டேட் மலைக்கும் மடுவுக்கும் வித்தியாசம். கலிஃபோர்னியா வெறும் 70 டாலர், ஏமாந்துடாதீங்க, 800 பின்னாடி வருது. நியூ ஜெர்சியும் ஃப்ளோரிடாவும் 125, நியூயார்க் 250, மாசசூசெட்ஸ் 500, நம்ம டெக்சாஸ் 750. டெக்சாஸ்லயே புதுசா எல்எல்சி போட 300 தான், அதனால இன்னும் கான்ட்ராக்ட் எதுவும் இல்லாத காலி டெலவேர் எல்எல்சி வெச்சிருக்கவங்க கிட்ட அத மூடிட்டு இங்க புதுசா போடுங்கன்னு நான் சொல்றது உண்டு.

வருஷாந்திரம் தனி. நியூ ஜெர்சி 75, மாசசூசெட்ஸ் மறுபடி 500, ஃப்ளோரிடா 138.75, அது மே 1 தாண்டினா 400 டாலர் லேட் ஃபீஸ், கெஞ்சினாலும் விட மாட்டாங்க. டெக்சாஸ்ல வருஷ ஃபீஸ் இல்ல, ஆனா மே 15க்குள்ள ஒரு ரிப்போர்ட் போடணும், வரி வராத கம்பெனியும் போடணும்.

ரெஜிஸ்டர்ட் ஏஜென்ட்டா என் கசின் வீட்டு அட்ரஸ் குடுக்கலாமா?

அந்த ஸ்டேட்லயே குடியிருக்கறவரா இருந்து, ஒத்துக்கிட்டா குடுக்கலாம். போஸ்ட் பாக்ஸ் செல்லாது, ஆள் இருக்குற தெரு அட்ரஸ் வேணும். ஆனா யாராவது உங்க கம்பெனி மேல கேஸ் போட்டா அந்த சம்மன் வர்றது அந்த வீட்டுக் கதவுக்கு. கசின் மூணு மாசம் கோயம்புத்தூர் போயிட்டா, சம்மன் வந்தது தெரியாமலே நீங்க வரலைன்னு சொல்லி உங்களுக்கு எதிரா தீர்ப்பு ஆயிடும். ஏஜென்ட் கம்பெனிக்கு வருஷத்துக்கு நூறு, நூத்தம்பது டாலர் குடுக்கறது அதுக்குத் தான். இதுல மட்டும் கஞ்சத்தனம் பண்ணாதீங்க.

நியூயார்க்ல பேப்பர்ல விளம்பரம் வேற போடணுமாமே, நிஜமாவா?

நிஜம் தான். எல்எல்சி பதிஞ்ச 120 நாளுக்குள்ள, கவுன்டி க்ளார்க் சொல்ற ரெண்டு பத்திரிகைல தொடர்ந்து ஆறு வாரம் நோட்டீஸ் போடணும், அப்புறம் போட்டாச்சுன்னு 50 டாலர் கட்டி சர்டிஃபிகேட் ஃபைல் பண்ணணும். மன்ஹாட்டன்னா விளம்பரத்துக்கே ஆயிரத்துக்கு மேல போயிடும், ஆல்பனி கவுன்டில சில நூறுல முடியும். அதனால தான் ஊர்ல பாதி எல்எல்சி ஆல்பனி அட்ரஸ்ல இருக்கு. இத யாரு படிக்கறாங்கன்னு கேட்டா எனக்கும் தெரியாது, பத்திரிகைக்காரங்க பொழைக்கறாங்க.

என் கம்பெனி பேர்ல அந்த ஸ்டேட்ல ஏற்கனவே ஒருத்தர் இருக்காரு. பேர மாத்தணுமா?

சொந்த ஸ்டேட்ல மாத்த வேண்டாம். அந்த ஒரு ஸ்டேட்டுக்கு மட்டும் மாற்றுப் பேர் குடுத்து பதியலாம், அங்க பில், கான்ட்ராக்ட் எல்லாம் அந்தப் பேர்ல போடணும்.

எங்க எம்ப்ளாயி ஒரே ஒருத்தன் வீடு வாங்கி நார்த் கரோலினா போயிட்டான், அங்க இருந்து ரிமோட்ல பாக்கறான். ஒரு ஆளுக்காக எல்லாம் பண்ணணுமா?

மேல சொன்ன மூணு ஆபீஸ ஞாபகம் வெச்சுக்கோங்க. பேரோல் பக்கம் சந்தேகமே இல்ல, நார்த் கரோலினால வித்ஹோல்டிங் (சம்பளத்துல வரி பிடிச்சு கட்டற) அக்கவுன்ட்டும் அன்எம்ப்ளாய்மென்ட் இன்ஷூரன்ஸ் அக்கவுன்ட்டும் முதல் சம்பளத்துக்கு முன்னாடி திறக்கணும்.

டாக்ஸ் பக்கம் நியூ ஜெர்சில ஒரு கேஸ் இருக்கு, டெலிபிரைட்னு மேரிலாந்துல இருந்த கம்பெனி. அவங்களோட ஒரு சாஃப்ட்வேர் டெவலப்பர் நியூ ஜெர்சிக்கு குடி போய் வீட்ல இருந்து கோடிங் பண்ணாங்க, அங்க கம்பெனிக்கு வேற ஆளும் இல்ல ஆபீஸும் இல்ல. அந்த ஒரு ஆளே போதும், கம்பெனி அங்க பிசினஸ் பண்ணுது, டாக்ஸ் ரிட்டர்ன் போடுன்னு 2012ல அப்பீல் கோர்ட் சொல்லிடுச்சு. கோவிட் வந்து எல்லாரும் வீட்ல உக்காந்த பிறகு இந்தத் தீர்ப்ப நிறைய பேர் தேடிப் படிச்சாங்க.

கம்பெனி பதிவு பக்கம் தான் கொஞ்சம் மங்கல். நிரந்தரமா ஒருத்தர் அங்க உக்காந்து முக்கிய வேலை பாத்தா பதிஞ்சுடுங்கன்னு தான் நான் சொல்வேன், நார்த் கரோலினால 250 டாலர், வருஷ ரிப்போர்ட் 200. பேரோல் அக்கவுன்ட் திறக்கும் போது செக்ரட்டரி ஆஃப் ஸ்டேட் நம்பர் கேக்குற ஸ்டேட்டும் உண்டு, அப்ப விவாதத்துக்கே இடமில்ல. ஆளெடுக்கும் போதே எந்த ஸ்டேட்ல இருந்து வேலை பாக்கலாம்னு ஆஃபர் லெட்டர்ல எழுதிடுங்க, மூவ் பண்ணிட்டு ஆறு மாசம் கழிச்சு சொல்றவங்க தான் அதிகம்.

எங்க கன்சல்டன்ட் க்ளையன்ட் சைட்ல, வேற ஸ்டேட்ல இருக்காரு. அந்த ஆபீஸ் எங்களோடது இல்லையே?

ஆபீஸ் க்ளையன்ட்டோடது, ஆள் உங்களோட டபிள்யூ-2 ஆள் (நீங்க சம்பளம் குடுக்கற எம்ப்ளாயி). முந்தின பதில் அப்படியே பொருந்தும். ஐடி ஸ்டாஃபிங் பண்ற நம்மாளுங்க எட்டு பத்து ஸ்டேட்ல பதிவு வெச்சிருக்கறது இதனால தான். நிறைய பேருக்கு இது தெரிய வர்றதே வெண்டர் போர்ட்டல்ல இந்த ஸ்டேட்டோட சர்டிஃபிகேட் ஆஃப் அத்தாரிட்டி (இந்தப் பதிவுக்கான சான்று) அப்லோட் பண்ணுன்னு வந்து நிக்கும் போது தான். திங்கக்கிழமை ஜாயினிங், வெள்ளி சாயங்காலம் எனக்கு போன். ஃபீஸ் அதிகமா கட்டினா சீக்கிரம் முடிச்சுக் குடுக்குற ஸ்டேட் இருக்கு, வாரக்கணக்கா இழுக்கறதும் இருக்கு.

அமேசான்ல விக்கறேன். சரக்கு எந்தெந்த வேர்ஹவுஸ்ல இருக்குன்னே எனக்குத் தெரியாது. எல்லா ஸ்டேட்லயும் பதியணுமா?

இங்க பெரும்பாலும் பிரச்சனை கம்பெனி பதிவு இல்ல, சேல்ஸ் டாக்ஸ். 2018 ஜூன்ல வேஃபேர் கேஸ்ல சுப்ரீம் கோர்ட், கடையோ ஆளோ இல்லாட்டியும் விற்பனை அளவ வெச்சே சேல்ஸ் டாக்ஸ் வசூல் பண்ணச் சொல்லலாம்னு சொல்லிடுச்சு. அந்த கேஸ்ல சவுத் டகோட்டா வெச்சிருந்த வரம்பு 100,000 டாலர் இல்லன்னா 200 விற்பனை. டெக்சாஸ்லயும் கலிஃபோர்னியாலயும் 500,000 டாலர். அமேசான் வழியா விக்கறதுக்கு அமேசானே வசூலிச்சு கட்டிடும், உங்க சொந்த சைட்ல விக்கறது உங்க பொறுப்பு.

சரக்கு ஒரு ஸ்டேட்ல கிடக்குதுன்னா அது அங்க உங்க சொத்து, அதனால டாக்ஸ் பக்கம் கேள்வி வரும். அதுக்காக அத்தனை ஸ்டேட்லயும் எல்எல்சிய பதிஞ்சவங்கள நான் அதிகம் பார்த்ததில்ல. நீங்களே வாடகைக்கு குடோன் எடுத்து ஆள் போட்டா அது வேற விஷயம், அப்ப பதிஞ்சுடுங்க.

எல்எல்சி பேர்ல வேற ஸ்டேட்ல ஒரு வீடு வாங்கி வாடகைக்கு விட்டிருக்கோம். சொத்து வெச்சிருந்தா மட்டும் பிசினஸ் இல்லன்னு சட்டத்துலயே இருக்காமே?

சொத்து வெச்சிருக்கறது மட்டும்னு இருக்கு, அந்த மட்டும்ங்கறத விட்டுட்டீங்க. காலி நிலம் வாங்கிப் போட்டு சும்மா இருந்தா சரி. ஆள் வெச்சு, வாடகை வாங்கி, குழாய் ரிப்பேர் பாத்து, அடுத்த டெனன்ட் தேடினா நிறைய ஸ்டேட்ல அது தொழில். வாடகை தராத டெனன்ட்ட காலி பண்ண கோர்ட்டுக்கு போற அன்னைக்குத் தான் இது கடிக்கும், ஏன்னு அடுத்த பதில்ல.

அக்கா, மூணு வருஷமா பதியாமலே ஓட்டிட்டேன். ஜெயில்ல போட்டுடுவாங்களா?

மாட்டாங்க. கம்பெனி செல்லாமப் போகாது, போட்ட கான்ட்ராக்ட் பொதுவா செல்லும், பதியலைங்கற ஒரே காரணத்துக்காக கடன் உங்க சொந்தத் தலைல விழாது. ஆனா அந்த ஸ்டேட் கோர்ட்ல நீங்க கேஸ் போட முடியாது. உங்க மேல அடுத்தவன் போடலாம், நீங்க வாதாடலாம், ஆனா வர வேண்டிய பணத்துக்காக நீங்க போய் நிக்க முடியாது. 40,000 டாலர் இன்வாய்ஸ் தராம இழுக்கறவனோட வக்கீல் முதல்ல தேடிப் பாக்கறது இதத் தான். பெரும்பாலான ஸ்டேட்ல பாக்கிய கட்டிப் பதிஞ்சா கேஸத் தொடரலாம், சில இடத்துல சட்டம் இன்னும் கடுமை.

இதுக்கு ஒரு விலக்கு உண்டு. மெம்ஃபிஸ்ல இருந்த ஆலன்பெர்க் காட்டன் கம்பெனி மிசிசிப்பி விவசாயி கிட்ட பருத்தி வாங்க ஒப்பந்தம் போட்டுச்சு, அவரு பருத்திய தரல. நீ இங்க பதியல, போன்னு மிசிசிப்பி சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. ஆனா மாநிலம் தாண்டி போற சரக்கு வியாபாரத்துல அப்படி கதவ மூடக் கூடாதுன்னு 1974ல அமெரிக்க சுப்ரீம் கோர்ட் அத மாத்துச்சு. பருத்திக்கு சரி, அந்த ஊர்லயே உக்காந்து பண்ற சர்வீஸ் வேலைக்கு இத நம்பாதீங்க.

பணக் கணக்கு: டெக்சாஸ்ல தொழில் தொடங்கி 90 நாள் தாண்டினா தாமதமான ஒவ்வொரு வருஷத்துக்கும், வருஷத்தோட ஒரு துண்டு இருந்தா அதுக்கும், இன்னொரு 750. மூணு வருஷம்னா பதிவு ஃபீஸயும் சேர்த்து 3,000 டாலர் கிட்டயோ அதுக்கு மேலயோ. கலிஃபோர்னியால நாளுக்கு 20 டாலர் வீதம் 10,000 வரைக்கும் அபராதம் போட இடமிருக்கு, பழைய 800கள் வட்டியோட தனி. ஃபார்ம்ல தொடங்கின தேதி கேக்கறது இதுக்குத் தான். நேத்து தான் தொடங்கினேன்னு எழுதலாமான்னு கேக்கறவங்களுக்கு: அது கையெழுத்து போட்டு குடுக்குற வாக்குமூலம், உங்க பழைய டபிள்யூ-2வும் இன்வாய்ஸும் வேற தேதி சொல்லும். எழுதாதீங்க.

பதிஞ்சா அந்த ஸ்டேட்ல யார் வேணா நம்ம மேல கேஸ் போட வசதியாயிடுமே?

நல்ல கேள்வி, ஒருத்தர் தான் கேட்டாரு. அங்க நீங்க பண்ணின வேலை சம்பந்தமா எப்படியும் போடலாம். சம்பந்தமே இல்லாத விஷயத்துக்கும் போடலாமாங்கறது தான் சிக்கல். பென்சில்வேனியா சட்டம், இங்க பதிஞ்சவன் எல்லா கேஸுக்கும் ஒத்துக்கிட்டான்னு சொல்லுது. நார்ஃபோக் சதர்ன் ரயில்வே கேஸ்ல 2023ல சுப்ரீம் கோர்ட் 5க்கு 4ன்னு அது செல்லும்னுடுச்சு. இப்படி வெளிப்படையா எழுதி வெச்சிருக்கற ஸ்டேட் ரொம்பக் குறைவு. பத்து பேர் கம்பெனி இதுக்கு பயந்து பதியாம இருக்கறது வீண்.

சென்னைல எங்க பிரைவேட் லிமிடெட் இருக்கு. அதையே நேரா டெக்சாஸ்ல பதியலாமா, புது கம்பெனி எதுக்கு?

பதியலாம், டெக்சாஸ் தடுக்காது. ஆனா அமெரிக்க வருமானத்துக்கு அந்த சென்னை கம்பெனியே இங்க ரிட்டர்ன் போடணும், ஃபெடரல் 21 சதவீதம், அதுக்கு மேல பிராஞ்ச் பிராஃபிட்ஸ் டாக்ஸ்னு (வெளிநாட்டுக் கம்பெனியோட கிளை லாபத்துக்கு வரி) ஒண்ணு, இங்க ஒரு கேஸ் வந்தா சென்னை சொத்து வரைக்கும் ரிஸ்க். அதனால தான் பெரும்பாலும் இங்க தனியா சப்சிடியரி போடறாங்க, அந்த முதலீட்டுக்கு இந்தியப் பக்கம் ஃபெமா (அந்நியச் செலாவணிச் சட்டம்) விதி, ஏடி பேங்க் (அந்நியச் செலாவணிக்கு அனுமதி உள்ள பேங்க்) வழி எல்லாம் உண்டு, ஆடிட்டர் கிட்ட கேளுங்க.

கம்பெனியோட உண்மையான உரிமையாளர் யாருன்னு ஃபின்சென்ல (கறுப்புப் பணத்தக் கண்காணிக்கற ஃபெடரல் அமைப்பு) குடுக்க வேண்டிய அந்த ரிப்போர்ட், 2024 முழுக்க எல்லாரும் பதறினாங்களே, 2025 மார்ச்ல இருந்து அமெரிக்கால உருவான கம்பெனிக்கு கிடையாது. வேற நாட்டுல உருவாகி இங்க ஒரு ஸ்டேட்ல பதியற கம்பெனிக்கு மட்டும் தான், பதிஞ்ச 30 நாளுக்குள்ள. அதாவது உங்க சென்னை கம்பெனிக்கு உண்டு, என் டெலவேர் க்ளையன்ட்டுக்கு இல்ல.

பதிஞ்ச ரெண்டாவது வாரமே கவர்ன்மென்ட் மாதிரி லெட்டர் வந்துச்சு, பணம் கட்டச் சொல்லி. கட்டவா?

கட்டாதீங்க, முதல்ல போட்டோ எடுத்து அனுப்புங்க. கம்பெனி பதிவு பொது ரெக்கார்டு, அத எடுத்து வெச்சுட்டு கழுகு படம் போட்ட கவர்ல, கெடு தேதியோட, வருஷ ரிப்போர்ட் ஃபீஸ், சர்டிஃபிகேட், லேபர் லா போஸ்டர்னு அனுப்பறதுக்கே ஆளுங்க இருக்காங்க. கீழ பொடி எழுத்துல நாங்க அரசு அமைப்பு இல்லன்னு இருக்கும். கலிஃபோர்னியால எல்எல்சியோட ஸ்டேட்மென்ட் ஆஃப் இன்ஃபர்மேஷன் ரெண்டு வருஷத்துக்கு ஒரு தடவை 20 டாலர், அதுக்கே பல மடங்கு கேக்கறாங்க. செக் எழுதறதுக்கு முன்னாடி சைட் பேர் டாட் கவ்ல (.gov) முடியுதான்னு பாருங்க.

இப்ப அந்த ஸ்டேட்ல வேலையே இல்ல, எல்லாரும் டெக்சாஸ் வந்துட்டோம். சும்மா விட்டா தானா கேன்சல் ஆயிடும் தானே?

கடைசில ஆகும், அதுக்குள்ள பாக்கியும் அபராதமும் ஏறி நிக்கும். முறையா வித்ட்ராயல் ஃபைல் பண்ணணும். கலிஃபோர்னியான்னா ஃபைனல்னு டிக் பண்ணி கடைசி டாக்ஸ் ரிட்டர்ன், அதோட கேன்சலேஷன் ஃபார்ம், அது வரைக்கும் 800 ஓடிட்டே இருக்கும். டெக்சாஸ விட்டுப் போறவங்க கம்ப்ட்ரோலர் (டெக்சாஸ் வரி ஆபீஸ்) கிட்ட டாக்ஸ் பாக்கி இல்லைன்னு சர்டிஃபிகேட் வாங்கி சேர்த்துக் குடுக்கணும்.

மொத்தமா இங்க வந்துட்டீங்கன்னா இன்னொரு வழியும் இருக்கு, கன்வர்ஷன் போட்டு கம்பெனியையே டெக்சாஸ் எல்எல்சியா மாத்திக்கலாம், பழைய ஸ்டேட் சட்டமும் அத அனுமதிக்கணும். கான்ட்ராக்ட், இஐஎன் எல்லாம் பெரும்பாலும் அப்படியே தொடரும், டெலவேர் 300ம் ஏஜென்ட் செலவும் மிச்சம். பேரோல் அக்கவுன்ட்ட தனியா மூடணும், அத விட்டுட்டா ஒவ்வொரு காலாண்டுக்கும் ஏன் ரிட்டர்ன் போடலைன்னு நோட்டீஸ் பழைய அட்ரஸுக்கே போயிட்டு இருக்கும்.